வெறும் குரலா?

புகழ்வதுபோலத் தொடங்கி ஒருவரைச் சிறிதாக்கிவிடும் பட்டங்கள் உண்டு. ஜெர்மன் நடிகர் கெர்ட் வெஸ்ட்ஃபாலுக்குக் கிடைத்த 'வாசிப்போரின் அரசர்' என்ற பட்டம் அப்படிப்பட்டது. அதைச் சூட்டியவர்களின் அன்பை நான் சந்தேகிக்கவில்லை. ஆனால் அது பெயரோடு ஒட்டிக்கொண்ட பிறகு நடந்தது என்ன? 1920 அக்டோபர் 5-ஆம் தேதி டிரெஸ்டனில் பிறந்தவர். மேடை நடிகர், வானொலி நடிகர், வானொலி நாடக இயக்குநர். இரண்டு வானொலி நிலையங்களின் நாடகப் பணியைத் தலைமையேற்று நடத்தியவர். சூரிக் நகரின் பெரிய அரங்கில் இருபது ஆண்டுகளுக்கு மேல் நடிகர் குழுவில் இருந்தவர். அவ்வளவும் கரைந்துபோய், 'நாவல்களை அழகாகப் படித்துக் காட்டியவர்' என்பது மட்டும் நிலைத்துவிட்டது.

இது தற்செயலாக நேர்ந்தது அன்று. இதன் அடியில் ஒரு பழைய நம்பிக்கை இருக்கிறது. நடிப்பு என்றால் மேடை நடிப்பு. வானொலி நடிப்பு அதிலிருந்து உடைந்த ஒரு துண்டு. தனியாக உட்கார்ந்து புத்தகம் படிப்பது அந்தத் துண்டிலும் துண்டு. நாடகக்காரர்கள் பலரிடம் இது எழுதாத சட்டம். வெஸ்ட்ஃபாலின் வாழ்க்கையையும் இந்தச் சட்டப்படியே சொல்லி வருகிறார்கள். போர் முடிந்து அரங்குகள் இடிந்து கிடந்தபோது வானொலிக்குப் போனார். 1959-ல் மேடைக்கு மீண்டார். 1980-க்குப் பிறகு வாசிப்பில் ஒதுங்கினார். போனார், மீண்டார், ஒதுங்கினார். இந்த மூன்று வினைச்சொற்களும் தவறு என்பதே என் கட்சி.

எதிர்த்தரப்பின் வாதத்தை அதன் முழு வலிமையோடு வைத்துவிடுகிறேன். நடிகனின் கலை உடலில் இருக்கிறது என்கிறார்கள். ஓர் இடத்தில், ஓர் இரவில், எதிரே ஆட்கள் உட்கார்ந்திருக்க, பக்கத்தில் இன்னொரு நடிகன் நிற்க நிகழ்வது அது. உடல், இடம், பார்வையாளர், சக நடிகர் எல்லாவற்றையும் எடுத்துவிட்டால் மிஞ்சுவது குரல். குரல் நடிகனின் கருவிகளில் ஒன்று. ஒரு கருவியை மட்டும் வைத்துக்கொண்டு செய்வதை முழுக்கலை என்று எப்படிச் சொல்வது? நல்ல கேள்விதான். ஆனால் குரலை உடலிலிருந்து தனியே எடுத்துவிடலாம் என்ற எண்ணத்தின்மேல் அது நிற்கிறது. மூச்சு எங்கே இருக்கிறது? அடிவயிறு, விலா, தொண்டை, நாக்கு, தாடை இவையெல்லாம் உடல் இல்லையா? ஒலிவாங்கிக்கு ஒரு சாண் தூரத்தில் நிற்கும் நடிகனின் தோள் இறுகினால் அது குரலில் கேட்கும். உதடு வறண்டால் கேட்கும். பொய்யாகச் சிரித்தால் உடனே கேட்கும். மேடையில் கையசைவால் மறைத்துவிடக்கூடிய பொய்யை அங்கே மறைக்க வழியில்லை.

வரலாற்றிலிருந்து தொடங்குகிறேன். 'வானொலிக்குப் போனார்' என்ற முதல் வினைச்சொல் அங்கேதான் விழுகிறது.

1945-ல் ஜெர்மனியின் பெரிய நகரங்கள் இடிபாடுகளாகக் கிடந்தன. டிரெஸ்டனில் நடிகர் பால் ஹோஃப்மனிடம் நடிப்புக் கற்ற இளைஞர், ராணுவத்திலிருந்து திரும்பி, பிரேமனுக்கு வந்து சேர்ந்தார். பிரேமன் அமெரிக்கர் வசம் இருந்தது. அங்கே 1945 டிசம்பரில் ஒரு சிறு வானொலி நிலையம் ஒலிபரப்பைத் தொடங்கியிருந்தது. மேடையும் வானொலியும் சேர்ந்தே அவர் வாழ்க்கைக்குள் வந்தன. 1948-ல் ரேடியோ பிரேமனின் நாடகப் பிரிவுக்குத் தலைவரானார். அப்போது வயது 28-கூட ஆகியிருக்கவில்லை, அல்லது அப்போதுதான் ஆகியிருந்தது. அதே ஆண்டு ஜூனில் நாணயம் மாற்றப்பட்டது. புதிய மார்க் கைக்கு வந்ததும் மக்கள் அதைச் செலவிடத் தயங்கினார்கள். போர் முடிந்ததும் முளைத்த சிறு அரங்குகள் பல மூடப்பட்டன. வீட்டுக்கு மாதம் இரண்டு மார்க் கட்டணத்தில் இயங்கிய வானொலி நிலைத்து நின்றது. நடிகர்களும் எழுத்தாளர்களும் அங்கே கூலிக்காக வந்தார்கள் என்பது உண்மை. அதை மறைக்கத் தேவையில்லை. ஆனால் பணத்துக்காகச் செய்த வேலை சின்ன வேலையாகிவிடும் என்றால், கலையின் வரலாற்றில் பாதியை அழிக்க வேண்டியிருக்கும்.

அந்த ஆண்டுகளில் மேடைக்கும் வானொலிக்கும் இருந்த உறவைப் பாருங்கள். போருக்குப் பின் வந்த ஜெர்மன் நாடகங்களில் முதலில் நினைவுக்கு வருவது வுல்ஃப்காங் போர்ஷெர்ட் எழுதிய 'கதவுக்கு வெளியே'. சைபீரியாவிலிருந்து வீடு திரும்பும் பெக்மன் என்ற சிப்பாய்க்கு ஒரு கதவும் திறக்கவில்லை. இந்த நாடகம் முதலில் மேடையில் வரவில்லை. 1947 பிப்ரவரி 13-ஆம் தேதி ஹாம்பர்க் வானொலியில் வந்தது. பெக்மனாக நடித்தவர் ஹான்ஸ் குவெஸ்ட். மேடை அரங்கேற்றம் அதே ஆண்டு நவம்பர் 21-ஆம் தேதி ஹாம்பர்க்கில் நடந்தது. அங்கும் பெக்மன் குவெஸ்ட்தான். நாடகம் அச்சில் வந்தபோது போர்ஷெர்ட் அதை அவருக்கே அர்ப்பணித்திருந்தார். அரங்கேற்றத்துக்கு முந்தைய நாள், 26 வயதில், பாசல் நகர மருத்துவமனையில் போர்ஷெர்ட் இறந்துவிட்டார். தன் நாடகத்தை மேடையில் பார்க்காமலே போன அந்த மனிதரைக் கேட்டிருந்தால், வானொலியில் வந்தது பாதி நாடகம் என்று சொல்லியிருப்பாரா?

இது ஒற்றை நிகழ்ச்சி அன்று. மக்ஸ் ஃபிரிஷ் எழுதிய பீடர்மன் கதை, வீட்டுக்குத் தீ வைப்பவர்களைத் தானே உபசரித்து மாடியில் தங்கவைக்கும் வியாபாரியின் கதை, 1953-ல் பவேரிய வானொலியில் நாடகமாக வந்தது. சூரிக் மேடையை அது அடைந்தது 1958-ல். டூரன்மாட்டின் 'பழுது' 1956-ல் வானொலி நாடகமாக ஒலித்தது. பல ஆண்டுகள் கழித்தே அவர் அதை மேடைக்கு மாற்றினார். மேடைக்கு வானொலி எச்சிலாக இருந்த காலம் இல்லை அது. மேடை தன் நாடகங்களை வானொலியிலிருந்து எடுத்துக்கொண்ட காலம். அங்கே இருந்தவரை 'போய்விட்டார்' என்பது, நடுக்கூடத்தில் நின்றவரைக் கொல்லைப்புறம் போனதாகச் சொல்வதைப் போன்றது.

1951 ஏப்ரல் 19 இரவு குந்தர் ஐஷ் எழுதிய 'கனவுகள்' ஒலிபரப்பானது. ஐந்து கொடுங்கனவுகள். ஒன்றில், ஒரு குடும்பம் எத்தனையோ ஆண்டுகளாக ஓடும் ரயிலின் இருண்ட சரக்குப் பெட்டியில் வாழ்கிறது. வெளியுலகம் ஒன்று இருப்பதே பெட்டிக்குள் பிறந்தவர்களுக்கு நம்பமுடியாத செய்தி. ஒலிபரப்பு நடந்துகொண்டிருக்கும்போதே நிலையத்தின் தொலைபேசிகள் அலறத் தொடங்கின. நிறுத்துங்கள், இதை எழுதியவனைப் பிடித்து உள்ளே போடுங்கள் என்று நேயர்கள் கொதித்தார்கள். எந்த மேடை அந்த இரவில் ஜெர்மனியை அப்படி உலுக்கியது? தொட முடியாத, காண முடியாத குரல்கள்தாம் வீட்டுக்குள் புகுந்து அதைச் செய்தன.

அரைநடிப்பு என்று பேசுவோர் நினைவில் கொள்ள வேண்டிய செய்தி இன்னொன்று. ஜெர்மன் வானொலி நாடகத்துக்கு நெடுங்காலம் மிக உயர்ந்த விருதாக மதிக்கப்பட்டதை நிறுவியது எந்த அகாடமியும் இல்லை. போரில் கண்ணிழந்தவர்களின் சங்கம் 1950-ல் அதை ஏற்படுத்தியது. 1952 முதல் வழங்கியது. நடுவர் குழுவில் விமர்சகர்களோடு கண்ணிழந்த சிப்பாய்களும் உட்கார்ந்தார்கள். டூரன்மாட்டும் இங்கபோர்க் பாஹ்மனும் ஐஷும் அந்த விருதை வாங்கினார்கள். மேடையில் நிற்கும் உடலைப் பார்க்க முடியாத அந்த மனிதர்கள், நடிப்பு எங்கே உண்மையாக இருக்கிறது, எங்கே பொய்க்கிறது என்று தீர்ப்புச் சொன்னார்கள். வானொலி நடிப்பு ஒரு குறைபட்ட பொருள் என்பதை அவர்கள் முகத்துக்கு நேரே யாராவது சொல்லியிருக்க முடியுமா?

இனி குரலைப் பற்றிச் சற்று நின்று பேச வேண்டும். ஜெர்மானியரின் காதுக்கு 1933 முதல் 1945 வரை என்ன நேர்ந்தது என்று தெரியாமல், வெஸ்ட்ஃபால் தலைமுறை நடிகர்கள் செய்த வேலையின் அளவு புரியாது.

நாஜிகள் மலிவான வானொலிப் பெட்டி ஒன்றை நாடெங்கும் பரப்பினார்கள். விலை 76 மார்க். அதன் மாதிரி எண் 301. ஹிட்லர் பதவிக்கு வந்த ஜனவரி 30-ஆம் தேதியை அந்த எண்ணில் பொறித்து வைத்திருந்தார்கள். தலைவர் பேசும்போது தொழிற்சாலைகளில் வேலை நின்றது. சதுக்கங்களில் ஒலிபெருக்கிகள் முழங்கின. போர் தொடங்கிய நாளிலிருந்து அயல்நாட்டு ஒலிபரப்பைக் கேட்பது தண்டனைக்குரிய குற்றம். வானொலி என்றாலே கத்தும் குரல் என்று ஒரு தலைமுறை வளர்ந்தது. மேடைப் பேச்சும் பெரும்பாலும் முழக்கமாகவே இருந்தது. கடைசி வரிசைக்கும் எட்ட வேண்டிய குரல், உருட்டி உருட்டிப் பேசும் மெய்யெழுத்துகள், நெஞ்சை நிமிர்த்திய வீராவேசம்.

அந்தக் காதோடு, அந்தப் பெட்டியின் முன்னால்தான், 1945-க்குப் பிறகும் மக்கள் உட்கார்ந்தார்கள். நாடகக்காரர்கள் என்ன செய்ய முடியும்? குரலைத் தாழ்த்தினார்கள். ஆயிரம் பேருக்குப் பேசுவதை விட்டு, மேசை விளக்கின் அருகே தனியாக உட்கார்ந்திருக்கும் ஒருவருக்குப் பேசக் கற்றார்கள். பக்கத்து நாற்காலியில் இருப்பவரிடம் பேசும் தொனி, யோசித்துப் பேசும் தொனி, தயங்கி நிறுத்தும் தொனி, இவையெல்லாம் ஜெர்மன் நடிப்புக்குள் திரும்பி வந்த முக்கியமான வாசல் ஒலிப்பதிவுக் கூடம் என்று நான் உறுதியாக நம்புகிறேன். மேடையில் இதைச் செய்யத் தடையாக இருந்தது தூரம். ஒலிவாங்கி தூரத்தை அழித்தது. கத்தலைத் துறந்தது ஒரு நாட்டின் நடிப்புக்கலை நிகழ்த்திய பெரும் மாற்றம். அதை 'மேடை கிடைக்காதவர்களின் பிழைப்பு' என்று எழுதுவது அநியாயம்.

1953-ல் வெஸ்ட்ஃபால் பிரேமனை விட்டு பாடன்-பாடனில் இருந்த தென்மேற்கு வானொலிக்குப் போனார். அங்கே 1959 வரை நாடகங்களின் தலைமை இயக்குநர். போருக்குப் பின் பிரெஞ்சுக்காரர் வசமிருந்த பகுதியில் பிறந்த நிலையம் அது. சின்ன ஊர், வெந்நீர் ஊற்றுகளுக்குப் பெயர்போனது. ஆனால் அந்த ஆண்டுகளில் அங்கே யாரெல்லாம் வந்தார்கள்! நாஜிகளுக்கு அஞ்சி நாட்டைவிட்டு ஓடி, பிரான்சிலும் ஹாலிவுட்டிலும் படமெடுத்த மக்ஸ் ஓஃபுல்ஸ், பாடன்-பாடனில் கதேயின் கதையொன்றையும் ஷ்னிட்ஸ்லரின் 'பெர்த்தா கார்லான்' கதையையும் ஒலிவடிவில் உருவாக்கினார். காமிராவின் ஓட்டத்துக்கே உலகம் முழுவதும் கொண்டாடப்படும் இயக்குநர் அவர். படம் இல்லாத கலையில் அவர் ஏன் இவ்வளவு உழைத்தார் என்று வானொலியை இளக்காரமாகப் பார்ப்பவர்கள் யோசிக்க வேண்டும். அதே நிலையத்தின் ஜாஸ் பிரிவை நடத்திய யோவாகிம்-எர்ன்ஸ்ட் பெரெண்ட் கவிதையையும் ஜாஸையும் இணைத்துத் தட்டுகள் வெளியிட்டார். ஹைனின் கவிதைகளை வெஸ்ட்ஃபால் சொல்ல, ஹங்கேரியக் கிதார் கலைஞர் அத்தில்லா சோலர் குழுவோடு வாசித்த தட்டு 1960-களில் வந்தது. சக நடிகர் இல்லாத நடிப்பு என்கிறார்களே, கிதார் என்ன? அது கேள்வி கேட்கிறது, குறுக்கிடுகிறது, காத்திருக்கிறது.

இரண்டாவது வினைச்சொல்லுக்கு வருகிறேன். 1959-ல் சூரிக் அரங்கில் சேர்ந்து 1980 வரை அங்கே இருந்தார். சாதாரண அரங்கில்லை. ஹிட்லர் காலத்தில் ஜெர்மனியிலிருந்து தப்பி வந்த நடிகர்கள் தங்கி நடித்த இடம். பிரெஹ்டின் 'அன்னை தைரியம்' 1941-ல் முதன்முதலாக மேடையேறியது அங்கேதான். வெஸ்ட்ஃபால் குழுவில் இருந்த ஆண்டுகளில், 1961-ல் ஃபிரிஷின் 'அந்தோரா', 1962-ல் டூரன்மாட்டின் 'இயற்பியலாளர்கள்' அங்கே அரங்கேறின. இதை 'மீண்டார்' என்று சொல்கிறார்கள். ஆனால் மேடையில் இருந்த ஆண்டுகளிலும் அவர் ஒலிவாங்கியை விடவில்லை. பகலில் ஒத்திகை, இரவில் மேடை, இடையில் ஒலிப்பதிவு என்பது அந்தத் தலைமுறை நடிகர்களின் வாழ்க்கை. மீள்வதற்கு அவர் எங்கும் போயிருக்கவில்லை.

மூன்றாவது வினைச்சொல்தான் என்னை மிகவும் உறுத்துகிறது. 'வாசிப்பில் ஒதுங்கினார்.'

அவர் ஒலிப்பதிவு செய்தவற்றைப் பாருங்கள். தாமஸ் மன்னின் பெரும் நாவல்கள், 'புடன்புரூக்ஸ்', 'யோசேப்பும் அவன் சகோதரர்களும்', 'டாக்டர் ஃபவுஸ்டஸ்'; ஃபொன்டானவின் 'எஃபி பிரீஸ்ட்', 'ஷ்டெஷ்லின்'; கதே; இன்னும் பல. இவற்றை ஒதுங்கிய மனிதர் செய்ய முடியாது. 'யோசேப்பு' மட்டுமே நான்கு தொகுதிகள். மன் அதை 1933 முதல் 1943 வரை வெளியிட்டார்.

'புடன்புரூக்ஸ்' நாவலைக் கையில் திறந்து வைத்துக்கொண்டு அவர் வாசிப்பைக் கேட்டுப் பாருங்கள். நான் அப்படித்தான் கேட்டேன். முதல் அத்தியாயத்தில் லூபெக் நகர வணிகர் வீட்டு வரவேற்பறை. எட்டு வயதுப் பேத்தி ஞானோபதேசப் பாடத்தை ஒப்பிக்கிறாள். கிழவர் அதைக் கிண்டல் செய்து சிரிக்கிறார். அவர் பேச்சில் வட ஜெர்மன் கடற்கரையின் வட்டார மொழியும் பிரெஞ்சும் கலந்து வருகின்றன. மகன் பேசுவது கண்ணியமான, பக்தி தோய்ந்த ஜெர்மன். இரண்டே பக்கத்தில் மூன்று தலைமுறைகளை, மூன்று காலங்களை, குரலால் மட்டும் பிரித்து நிறுத்த வேண்டும். பின்னால் மியூனிக்கிலிருந்து பெர்மனேடர் வந்து சேர்கிறார். அவருடைய பவேரியப் பேச்சு லூபெக் வீட்டாருக்கே சரியாக விளங்கவில்லை. அந்த விளங்காமைதான் காட்சி. குட்டையான பள்ளித் தலைமையாசிரியை செசெமி வைஷ்பிரோட் உயிரெழுத்துகளைத் தன் போக்கில் திரித்து உச்சரிப்பவள்; நாவலின் கடைசிச் சொல் அவளுடையது. கிறிஸ்டியன் என்ற மகன் சிறுவயதிலேயே தன் ஆசிரியரைப் போலப் பேசிக்காட்டி வீட்டாரைச் சிரிக்கவைக்கிறான். அந்த இடத்தைப் படிப்பவர் ஒரு பையனாக இருந்துகொண்டு அந்தப் பையன் நடிக்கும் ஆசிரியராகவும் இருக்க வேண்டும். டிரெஸ்டனில் பிறந்த ஒருவர் லூபெக்காரர், மியூனிக்காரர், கிழவர், சிறுமி, வேலைக்காரி எல்லோருமாக ஆகிறார். அடுத்த வாக்கியத்தில் இவர்கள் எல்லோரையும் மேலேயிருந்து பார்க்கும் கதைசொல்லியாகத் திரும்பிவிடுகிறார். மேடையில் இருபது பேர் சேர்ந்து செய்வது இது. இதை நடிப்பு என்று சொல்லாமல் வேறு என்ன பெயரிட்டு அழைப்பது?

கடினமான இடங்கள் வேறு இருக்கின்றன. வீட்டின் கடைசி வாரிசான ஹன்னோவின் சாவை மன் காட்சியாக எழுதவில்லை. டைஃபாய்டு நோய் எப்படி வரும், எத்தனையாவது நாளில் என்ன ஆகும் என்று மருத்துவப் புத்தகம்போல ஓர் அத்தியாயம் எழுதினார். பையனின் பெயர் அங்கே இல்லை. அந்தப் பக்கங்களைக் கண்ணீர்க்குரலில் படித்தால் நாவல் செத்துவிடும். உணர்ச்சியே இல்லாமல் படித்தாலும் செத்துவிடும். எவ்வளவு காட்ட வேண்டும், எவ்வளவு அடக்க வேண்டும் என்ற அந்த அளவறிவு பல ஆண்டுகள் மேடையிலும் ஒலிவாங்கி முன்னும் நின்றவருக்கே வரும்.

மன்னின் வாக்கியங்களைப் பற்றியும் ஒரு சொல். ஜெர்மன் மொழியில் துணை வாக்கியத்தின் வினைச்சொல் கடைசியில் வரும். தமிழ் வாசகருக்கு இதை அதிகம் விளக்க வேண்டியதில்லை. யார், எங்கே, எப்போது, எதனால் என்று எல்லாம் வந்து அடுக்கிய பிறகும், முடிந்ததா முடியவில்லையா என்று கடைசிச் சொல்லுக்காகக் காத்திருக்கும் அனுபவம் நமக்குப் பழக்கம். மன் அந்த அடுக்குக்குள் அடுக்காக அரைப்பக்கம்வரை வாக்கியத்தைக் கொண்டுபோவார். கண்ணால் படிப்பவர் வழிதவறினால் திரும்பிப் போய்ப் பார்க்கலாம். காதால் கேட்பவருக்கு அந்த வசதி இல்லை. ஆகவே வாசிப்பவர் முதல் சொல்லை உச்சரிக்கும்போதே கடைசி வினைச்சொல் எங்கே இறங்கப்போகிறது என்று தெரிந்து மூச்சைப் பங்கிட வேண்டும். வெஸ்ட்ஃபால் வாசிக்கையில் அந்த நீண்ட வாக்கியங்கள் வாயில் பிறந்தவைபோல எளிதாக விரிகின்றன. புத்தகத்தில் தடுமாறிய பல இடங்கள் எனக்கு அவர் குரலில்தான் விளங்கின.

இங்கே இன்னொரு தரப்பு குறுக்கிடும். இவர்கள் நாடகக்காரர்கள் இல்லை, இலக்கியவாதிகள். நாவலை மௌனமாகப் படிக்க வேண்டும், நடுவில் ஒரு நடிகர் நின்று தன் விளக்கத்தைத் திணிக்கக் கூடாது என்பது அவர்கள் கட்சி. இதற்குப் பதில் சொல்ல அதிக நேரம் வேண்டாம். தாமஸ் மன் தான் எழுதியதை எழுத எழுதக் குடும்பத்தாருக்கும் நண்பர்களுக்கும் உரக்கப் படித்துக்காட்டும் பழக்கமுள்ளவர். ஊர் ஊராகப் போய் மக்கள் முன் படித்தவர். போர்க்காலத்தில் அமெரிக்காவிலிருந்து பிபிசி வழியாக ஜெர்மன் மக்களுக்குப் பேசியபோது, முதலில் வேறொருவர் அவருடைய உரையைப் படித்தார். 1941 முதல் தன் குரலிலேயே பேச வேண்டும் என்று ஏற்பாடு செய்துகொண்டார். லாஸ் ஏஞ்சலஸில் தட்டில் பதிந்து, விமானத்தில் நியூயார்க்குக்கு அனுப்பி, அங்கிருந்து தொலைபேசிக் கம்பிவழி லண்டனுக்குக் கொண்டுபோய் இன்னொரு தட்டில் பதிந்து, அதன் பிறகு ஒலிபரப்பினார்கள். அவ்வளவு சிரமம் குரலுக்காக! அவர் மனைவி கட்டியா, கணவர் இறந்த பிறகு வெஸ்ட்ஃபாலின் வாசிப்பைக் கேட்டு, எழுத்தாளரின் முதன்மையான வாய் அவர்தான் என்ற பொருளில் சொன்னார். அந்த வீட்டில் உரக்க வாசிப்பதைக் கேட்டே வாழ்ந்த பெண்மணி அவர். ஃபொன்டானவின் நிலையும் இதேதான். 'ஷ்டெஷ்லின்' நாவலில் ஒரு கிழவர் இறக்கிறார், இரண்டு இளைஞர்கள் மணந்துகொள்கிறார்கள், அவ்வளவுதான் நடக்கிறது என்று ஃபொன்டானவே சொன்னார். மற்ற பக்கங்கள் எல்லாம் பேச்சு. பேச்சால் கட்டிய நாவலை வாய்க்குத் தருவது எப்படித் திணிப்பாகும்?

மூன்றாவதாக, வானொலிக்குள்ளிருந்தே வந்த எதிர்ப்பு ஒன்று இருக்கிறது. அதை நான் மதிக்கிறேன். 1960-களில் ஓர் இளைய தலைமுறை, இந்த மென்குரல் நாடகம் நேயரைக் கண்மூடிக் கனவு காணவைக்கிறது, அரசியலிலிருந்து தப்ப வைக்கிறது என்றது. ஃபிரீட்ரிஷ் க்னில்லி 1961-ல் புத்தகமாகவே எழுதினார். குரலும் ஓசையும் இரைச்சலும் சமமாக நிற்கும் ஒலிக்கலை வேண்டும் என்றார்கள். கவிஞர்கள் யான்டலும் மைரோக்கரும் சேர்ந்து எழுதிய 'ஐந்து ஆண் மனிதர்' 1968-ல், அதே பாடன்-பாடனில் உருவாகி, கண்ணிழந்தோர் விருதையும் வாங்கியது. கால்மணி நேரத்தில் பிறப்பு முதல் சாவுவரை மனிதர்களை வார்ப்பில் போட்டு எடுக்கும் எந்திரத்தைக் காட்டிய அருமையான படைப்பு. புதிய வழி தேவைதான். ஆனால் பழைய வழி வெறும் தாலாட்டு என்பது பொய். ஐஷின் நாடகத்தைக் கேட்டுத் தொலைபேசியை எடுத்துக் கத்தியவர்கள் யாரும் கனவில் மிதக்கவில்லை.

வெஸ்ட்ஃபாலிடம் குறையே இல்லை என்று நான் வாதாடவில்லை. சில இடங்களில் வண்ணம் கூடிவிடுகிறது. பெண் குரல்களில் ஒரு மெருகு மிகையாக ஏறும். நகைச்சுவைப் பாத்திரங்களை அவர் ரசிப்பது நமக்குக் கேட்டுவிடும். இன்று வரும் வாசிப்பாளர்கள் பலர் இன்னும் அடக்கமாக, கதாபாத்திரங்களுக்குத் தனிக்குரல் தராமல் படிக்கிறார்கள். அதற்கும் ஓர் அழகு இருக்கிறது. ஆனால் கவனியுங்கள். இந்தக் குறைகள் நடிகனின் குறைகள். மேடை நடிகன் மிகையாகச் செய்தால் என்ன சொல்லித் திட்டுவோமோ அதையே சொல்லித்தான் இவரையும் திட்ட முடிகிறது. வெறுமனே படிப்பவரிடம் இந்தக் குறை வராது.

ஆகவே ஒரே கோடுதான் இருக்கிறது. பிரேமனில் இளைஞராக ஒலிவாங்கி முன் நின்றபோது கற்ற மெல்லிய பேச்சு, பாடன்-பாடனில் மற்றவர்களை இயக்கியபோது கூர்மைப்பட்ட காது, சூரிக் மேடையில் ஆட்களோடு ஆட்களாக நின்று பழகிய உடல், இவை மூன்றும் சேர்ந்த இடம் அந்த நாவல் ஒலிப்பதிவுகள். மேடை முடிந்த பிறகு மிஞ்சிய சில்லறை இல்லை அவை. அரை நூற்றாண்டு உழைப்பின் விளைச்சல்.

தமிழில் வாசிப்பது என்ற சொல் புத்தகத்துக்கும் வீணைக்கும் பொது. நாகசுரக்காரர் வாசிக்கிறார், பிள்ளை பாடம் வாசிக்கிறான் என்கிறோம். 'வாசிப்போரின் அரசர்' என்ற பட்டத்தை வீணை வாசிக்கும் பொருளில் யாராவது கொடுத்திருந்தால் எனக்கு வழக்கே இல்லை. ஜெர்மன் சொல்லில் அந்தப் பொருள் கிடையாது. அங்கே அது பிறர் முன் புத்தகத்தைப் படிப்பதை மட்டுமே குறிக்கிறது.

நடிப்பின் வரலாற்றை எழுதுபவர்களிடம் நான் கேட்பது ஒன்றே. வானொலியைத் தனி அத்தியாயமாகக் கடைசியில் ஒட்டாதீர்கள். 1947-க்கும் 1960-க்கும் இடைப்பட்ட ஜெர்மன் நடிப்பைப் பற்றி எழுதும்போது ஒலிப்பதிவுக் கூடத்திலிருந்து தொடங்குங்கள். ஹான்ஸ் குவெஸ்டின் பெக்மனை மேடைப் புகைப்படத்தில் பார்ப்பதற்கு முன் ஒலிப்பதிவில் கேளுங்கள். கெர்ட் வெஸ்ட்ஃபால் 2002 நவம்பர் 10-ஆம் தேதி, 82 வயதில், சூரிக்கில் இறந்தார். அவர் பெயருக்கு எதிரே 'நடிகர்' என்று எழுதுங்கள்.